சொந்தக்காரன் சாட்சி செல்லுமா?

செஷன்ஸ் கோர்ட்டில் கொலை வழக்கின் இறுதி வாதம் என்றால் இதைத் தவறாமல் கேட்கலாம்: “அ.சா.1 இறந்தவரின் அண்ணன், அ.சா.2 மனைவி, அ.சா.3 மச்சான். மூவருமே வேண்டப்பட்ட சாட்சிகள். சம்பவம் நடந்ததோ கடைத்தெருவில். ஒரு கடைக்காரரைக்கூட அரசு தரப்பு விசாரிக்கவில்லை. ஆகவே எதிரிகளை விடுதலை செய்ய வேண்டும்.”

அ.சா. என்றால் அரசு தரப்பு சாட்சி, எதிரி என்றால் குற்றம் சாட்டப்பட்டவர். இந்த வாதம் தனியாக நின்று ஜெயிப்பதில்லை. 1953-லேயே தலிப் சிங் எதிர் பஞ்சாப் மாநிலம் வழக்கில் உச்ச நீதிமன்றம் இதற்குப் பதில் சொல்லிவிட்டது. அந்த வழக்கில் நேரில் பார்த்ததாகச் சொன்னவர்கள் இறந்தவர் வீட்டுப் பெண்கள். உறவு என்பதாலேயே அவர்கள் சொல்லுக்கு வேறு ஆதாரம் வேண்டும் என்ற கருத்தை நீதிபதி விவியன் போஸ் ஏற்கவில்லை. நெருங்கிய உறவினர், உண்மையான கொலையாளியைத் தப்பவிட்டு ஒரு அப்பாவியை மாட்டிவிடச் சாதாரணமாக ஒப்பமாட்டார் என்பது அவர் கருத்து. அரசு வழக்கறிஞர்கள் இந்தப் பத்தியை வாசித்துவிட்டு உட்கார்ந்துவிடுவார்கள். அதுவும் அரைகுறை வேலைதான். அதே பத்தியில் இன்னொரு எச்சரிக்கையும் இருக்கிறது. ஆத்திரம் பொங்கி, சொந்தப் பகையும் இருக்கும் இடத்தில், குற்றவாளியோடு சேர்த்து வேண்டாதவனையும் வழக்கில் இழுத்துவிடும் போக்கு உண்டு என்கிறது அது.

இந்த இரண்டையும் சேர்த்துப் படித்தால்தான் விஷயம் பிடிபடும். பாரபட்சமுள்ள சாட்சி பொய் சொல்ல வாய்ப்பிருக்கும் இடங்கள் பெரும்பாலும் முன்கூட்டியே தெரிந்தவைதான். வெட்டியவன் யார் என்பதில் பொய் குறைவு. கூட வந்தவர்கள் எத்தனை பேர், யார் எந்த ஆயுதம் வைத்திருந்தான், யார் தூண்டிவிட்டான், சாட்சி எவ்வளவு பக்கத்தில் நின்றார் என்பவற்றில்தான் அது குடியிருக்கும். ஆகவே ‘இவர் பாரபட்சமானவரா’ என்று கேட்டு நின்றுவிடக் கூடாது. பாரபட்சம் இருந்தால் அது இவர் சாட்சியத்தில் எந்தப் பகுதியில் படிந்திருக்கும் என்று பார்க்க வேண்டும்.

முதலில் உறவுச் சாட்சி வேறு, வேண்டப்பட்ட சாட்சி வேறு. ராஜஸ்தான் மாநிலம் எதிர் கல்கி (1981) வழக்கில் இது தெளிவாகப் பிரிக்கப்பட்டது. எதிரிக்குத் தண்டனை கிடைத்தால் தனக்கு நேரடி லாபம் இருக்கிறது, எப்படியாவது அவரை உள்ளே தள்ள வேண்டும் என்ற அக்கறை உள்ளவரே வேண்டப்பட்ட சாட்சி. சொத்துத் தகராறில் எதிரி உள்ளே போனால் நிலம் தன் கைக்கு வரும் என்றிருக்கும் பங்காளி அப்படிப்பட்டவர். ராத்திரி பதினோரு மணிக்கு வீட்டுத் திண்ணையில் கணவன் வெட்டப்படும்போது பக்கத்தில் இருந்த மனைவி அப்படியல்ல. அவர் இயல்பான சாட்சி. அந்த நேரத்தில் அந்த இடத்தில் வேறு யார் இருந்திருக்க முடியும்? ஆனால் அதே மனைவி, கணவன் வயலுக்குப் போன இடத்தில் அன்றைக்கு மட்டும் ‘சாப்பாடு கொண்டுபோனேன்’ என்று வந்து நின்றால், பாத்திரம் என்ன ஆனது, பார்வை மகஜரில் (சம்பவ இடத்தைப் பார்த்துப் போலீஸ் எழுதும் குறிப்பில்) தூக்குவாளி இருக்கிறதா என்று கேட்க வேண்டியிருக்கும்.

மூன்றாவது ரகம் பகைச் சாட்சி. முன்விரோதத்தை இருபுறமும் வெட்டும் கத்தி என்று தீர்ப்புகள் திரும்பத் திரும்பச் சொல்கின்றன. பொய்யாகச் சேர்க்க அது காரணமாகலாம், கொலை செய்யவும் அதுவே காரணமாகலாம். எதிரி தரப்பு சிவில் வழக்கு எண், பழைய அடிதடி வழக்கு, கோயில் முதல் மரியாதைத் தகராறு என்று பகையை அடுக்கிக்கொண்டே போனால், அரசு தரப்பு நிரூபிக்கத் திணறிக்கொண்டிருந்த உள்நோக்கத்தைத் தானே நிரூபித்துக் கொடுத்ததாகிவிடும். இந்தத் தவறு தினமும் நடக்கிறது.

எத்தனை சாட்சி வேண்டும் என்பதற்குச் சட்டத்தில் கணக்கே இல்லை. பழைய சாட்சியச் சட்டத்தின் 134-ம் பிரிவு, இப்போது 2024 ஜூலை 1 முதல் அமலில் உள்ள பாரதிய சாக்ஷ்ய அதினியத்தின் 139-ம் பிரிவு, இரண்டும் அதைத்தான் சொல்கின்றன. இதை விளக்கிய முக்கியத் தீர்ப்பு நம் ஊரிலிருந்து போனது: வடிவேலு தேவர் எதிர் சென்னை மாநிலம் (1957). கொலையுண்டவரின் மனைவி ஒருவரது சாட்சியத்தின் மேல் நின்ற வழக்கு அது. சாட்சிகளை மூன்று வகையாகப் பிரித்தது நீதிமன்றம். முழுக்க நம்பத்தக்கவர், முழுக்க நம்பத்தகாதவர், இரண்டும் இல்லாதவர். முதல் வகை என்றால் ஒருவரே போதும். இரண்டாம் வகையில் பத்துப் பேர் வந்தாலும் பயனில்லை. மூன்றாம் வகைக்குத்தான் முக்கிய விவரங்களில் வேறு ஆதாரம் தேவை. நடைமுறையில் உறவுச் சாட்சிகளில் பெரும்பாலோர் இந்த மூன்றாம் பெட்டிக்குள் வருவார்கள். ஆகவே வேலை முழுவதும் அங்கேதான்.

கும்பலாக வந்து தாக்கிய வழக்குகளுக்கு மசால்தி எதிர் உத்தரப் பிரதேச மாநிலம் (1964) தீர்ப்பு வழிகாட்டி. கோஷ்டிச் சாட்சி என்பதற்காக எந்திரத்தனமாக ஒதுக்கக் கூடாது என்றது. அதே சமயம், ஏராளமான எதிரிகள் உள்ள வழக்கில் குறைந்தது நான்கு சாட்சிகள் ஒருவரை அடையாளம் காட்டியிருந்தால்தான் அவருக்குத் தண்டனை என்று உயர் நீதிமன்றம் வைத்த அளவுகோலையும் ஏற்றது. இதைச் சட்ட விதி என்று நினைத்துவிடக் கூடாது. வினய் குமார் சிங் எதிர் பீகார் (1997) வழக்கில், நம்பகமான ஒரே சாட்சி போதும், எண்ணிக்கை ஒரு முன்னெச்சரிக்கை மட்டுமே என்று விளக்கம் வந்தது. இருபது பேர் கொண்ட கும்பலில் பதினாறாவது எதிரியை ஒரே ஒரு மச்சான் மட்டும் பார்த்திருக்கிறார் என்றால் உஷாராகப் பார்க்கச் சொல்லும் அளவுகோல் அது. அந்த அளவில் உபயோகமானது.

இனி ஒரு மாதிரி வழக்கை எடுத்துக்கொள்வோம். வரப்புத் தகராறு. மாலை ஏழரை மணி. அண்ணன், மச்சான் இருவரும் நேரில் பார்த்த சாட்சிகள். எதிரிகள் ஏழு பேர். முதல் எதிரி அரிவாளால் கழுத்தில் வெட்டினார், இரண்டாம் எதிரி இடது கையில் வெட்டினார், மூன்றாம் எதிரி பின்னாலிருந்து பிடித்துக்கொண்டார், நான்கு முதல் ஏழு வரை கட்டையால் உடம்பெங்கும் அடித்தார்கள் என்பது புகார். பிரேதப் பரிசோதனை அறிக்கையில் இருப்பது இரண்டே காயங்கள். கழுத்தில் ஒரு வெட்டு, இடது முன்கையில் ஒரு வெட்டு. கன்றிப்போன காயம் ஒன்றுகூட இல்லை. நான்கு பேர் கட்டையால் ‘உடம்பெங்கும்’ அடித்த ஒருவர் உடம்பில் ஒரு தடிப்புகூட இல்லாமல் இருக்க முடியுமா?

இதில் இரண்டு பேரைப் பற்றிய சாட்சியம் உடலிலேயே எழுதியிருக்கிறது. மூன்றாம் எதிரி நடுவில் நிற்கிறார். பிடித்துக்கொண்டதற்குக் காயம் விழாது, ஆகவே வேறு ஆதாரம் தேட வேண்டும். நான்கு முதல் ஏழு வரை உள்ளவர்களின் பங்கு மருத்துவ ஆதாரத்தோடு நேராக மோதுகிறது. அவர்கள் முதல் எதிரியின் தம்பிகளாகவோ, அந்த வீட்டில் வழக்கை நடத்தக்கூடிய படித்த ஆட்களாகவோ இருந்தால் சந்தேகம் இன்னும் கூடும். வெளியே இருந்து ஜாமீன் எடுக்க, செலவு செய்ய ஒருத்தரும் இருக்கக் கூடாது என்று வீட்டு ஆண்கள் எல்லோரையும் சேர்ப்பது கிராமத்து வழக்குகளில் பழகிப்போன உத்தி. பாரதிய நியாய சம்ஹிதாவின் 190-ம் பிரிவு, அதாவது பழைய இந்திய தண்டனைச் சட்டத்தின் 149, அதற்கு வசதியாகவும் இருக்கிறது. சட்டவிரோதக் கூட்டத்தில் இருந்தாலே போதும், தனியாக வெட்டியிருக்க வேண்டியதில்லை. சட்டவிரோதக் கூட்டம் என்றால் ஐந்து பேராவது வேண்டும், அந்த எண்ணிக்கையை எட்ட வேண்டும் என்ற நெருக்கடியும் பெயர்களைக் கூட்டுகிறது.

இங்கே முழு வழக்கையும் தூக்கி எறியச் சொல்வது எதிரி தரப்பின் ஆசை. ஒன்றில் பொய் என்றால் எல்லாமே பொய் என்ற கோட்பாட்டை இந்திய நீதிமன்றங்கள் சட்டமாக ஏற்கவில்லை. நிசார் அலி (1957) தீர்ப்பிலிருந்தே நிலை அதுதான். உமி வேறு, அரிசி வேறு என்று புடைக்க வேண்டும். புடைக்கவே முடியாதபடி இரண்டும் கலந்துபோயிருந்தால் மட்டுமே மொத்தமாக ஒதுக்கலாம். மாதிரி வழக்கில் புடைக்க முடியும். முதல் இருவர் மீதான சாட்சியம் நிற்கும், கடைசி நால்வர் மீதானது விழும்.

காகிதங்களைக் கடிகார வரிசையில் அடுக்குங்கள்

உறவுச் சாட்சியைச் சோதிக்கக் கூண்டைவிடச் சிறந்த இடம் வழக்குக் கட்டு. சம்பவத்துக்கும் ஒவ்வொரு ஆவணத்துக்கும் உள்ள நேர இடைவெளியை ஒரு தாளில் எழுதிக்கொண்டால் கதை எங்கே வளர்ந்தது என்று தெரிந்துவிடும்.

காயம்பட்டவர் உயிரோடு ஆஸ்பத்திரிக்குப் போயிருந்தால் முதல் ஆவணம் விபத்துப் பதிவேடு. இதுதான் கட்டிலேயே மதிப்பு மிக்க காகிதம், பலர் புரட்டிப் பார்க்காத காகிதமும் இதுவே. பணி மருத்துவர் அதில் ‘தெரிந்த நபர்கள் 3 பேர், அரிவாளால், இன்ன இடத்தில், இன்ன நேரத்தில் தாக்கியதாகச் சொல்லப்படுகிறது’ என்று ஒரு வரி எழுதுவார். ஆஸ்பத்திரியில் எட்டரை மணிக்கு மூன்று பேர், ஸ்டேஷனில் பத்து மணிக்கு ஏழு பேர் என்றால் இடையில் உள்ள ஒன்றரை மணி நேரத்தில் என்ன நடந்தது என்பதுதான் கேள்வி. ‘தெரியாத நபர்கள்’ என்று எழுதியிருந்தால் இன்னும் மோசம்.

ஆனால் இதைப் பயன்படுத்துவதில் ஒரு சிக்கல் இருக்கிறது. அந்த விவரத்தை மருத்துவரிடம் யார் சொன்னார்? அண்ணனே கூட வந்து சொல்லியிருந்தால் அது அவருடைய முந்தைய வாக்குமூலம், அதை வைத்து அவரை முரண்படுத்தலாம். பக்கத்து வயல்காரர் சொல்லியிருந்தால் அதை வைத்து அண்ணனை மடக்க முடியாது. பதிவேட்டில் ‘உடன் வந்தவர்’ என்ற இடத்தில் யார் பெயர் இருக்கிறது என்று முதலில் பார்க்க வேண்டும். அண்ணன் கூண்டில் இருக்கும்போதே ‘டாக்டரிடம் நீங்கள்தான் சொன்னீர்கள்’ என்று கேட்டுவிட்டு, பிறகு டாக்டரிடம் உறுதி செய்ய வேண்டும். வரிசை மாறினால் பலன் போய்விடும். மருத்துவரின் வேலை வைத்தியம், எதிரிகளின் பட்டியல் எழுதுவதல்ல என்று நீதிமன்றங்களும் சொல்கின்றன. ஆகவே பெயர்கள் இல்லாதது பெரிய குறையல்ல. எண்ணிக்கை முரண்படுவதுதான் குறை.

அடுத்தது முதல் தகவல் அறிக்கை. அதில் பதிவான நேரத்தை மட்டும் நம்பக் கூடாது. பழைய குற்றவியல் நடைமுறைச் சட்டத்தின் இடத்தில் வந்த பாரதிய நாகரிக் சுரக்ஷா சம்ஹிதாவின் 176-ம் பிரிவுப்படி அது உடனடியாக நடுவருக்கு (மாஜிஸ்திரேட்டுக்கு) போக வேண்டும். கிடைத்த தேதியையும் நேரத்தையும் எழுதி நடுவர் கையெழுத்திடுவார். அந்தக் கையெழுத்தின் பக்கத்தில் உள்ள நேரம் போலீஸ் கையில் இல்லாத நேரம், அதனால்தான் அதற்கு மதிப்பு. ராத்திரி பத்து மணிக்குப் பதிவான கொலை வழக்கு எட்டு கிலோமீட்டர் தள்ளியுள்ள நடுவர் வீட்டுக்கு மறுநாள் பதினோரு மணிக்குப் போயிருந்தால், இடையில் ஊர்ப் பெரியவர்களோடு உட்கார்ந்து பெயர்ப் பட்டியல் போட அவகாசம் இருந்திருக்கிறது. தாமதம் மட்டுமே வழக்கைக் கொல்லாது. தபால் கொண்டுபோன காவலரை விசாரித்து, பஸ் இல்லை, நடுவர் விடுப்பில் இருந்தார், பொறுப்பு நடுவர் வேறு ஊரில் என்று விளக்கம் வந்தால் சரியாகிவிடும். விளக்கமே இல்லாத தாமதமும், வேண்டப்பட்ட சாட்சியும், நீளமான எதிரிப் பட்டியலும் ஒன்றாகச் சேரும்போதுதான் ஆபத்து.

பிரேத விசாரணை அறிக்கையில் எதிரிகள் பெயர் இல்லை என்று வாதிடுவது வீண். அந்த விசாரணை சாவு எப்படி நேர்ந்தது என்று பார்க்க மட்டுமே. ஆனால் அந்த அறிக்கையில் குற்ற எண் இருக்கிறதா, பஞ்சாயத்தார் முன் விசாரிக்கப்பட்ட சாட்சிகள் யார் யார் என்று பார்க்கலாம். ‘அங்கேயே இருந்தேன், முழுக்கப் பார்த்தேன்’ என்று சொல்லும் மச்சான் பிரேத விசாரணையில் இல்லையென்றால், பிரேதத்தை எடுக்கும்போது எங்கே போயிருந்தார்?

பிறகு 180-ம் பிரிவு வாக்குமூலம், பழைய 161, அதாவது போலீஸ் சாட்சியை விசாரித்து எழுதுவது. இதில் சாட்சியின் கையெழுத்து இருக்காது. பல கட்டுகளில் அ.சா.2, அ.சா.3 வாக்குமூலங்கள் அ.சா.1 புகாரின் நகலாக, கமா மாறாமல் இருக்கும். இதைக் காட்டிச் சாட்சிகள் ஒப்பித்தார்கள் என்று வாதிடுவது தவறான இலக்கு. எழுதியவர் ஏட்டு, சாட்சி அல்ல. அந்த வாக்குமூலங்கள் எந்தத் தேதியில் கோர்ட்டுக்கு வந்து சேர்ந்தன என்பதே சரியான கேள்வி. சம்பவத்தன்று விசாரித்ததாகச் சொல்லி, குற்றப்பத்திரிகையோடு மூன்று மாதம் கழித்து வந்து சேர்ந்த வாக்குமூலம் எந்தத் தேதியில் எழுதப்பட்டது என்பதற்கு உத்தரவாதமில்லை.

புதிய சட்டத்தில் ஒரு நல்ல மாற்றம் வந்திருக்கிறது. பத்தாண்டு அல்லது அதற்கு மேல் சிறை, ஆயுள், மரண தண்டனைக்குரிய குற்றங்களில் போலீஸ் அழைத்துவரும் சாட்சியின் வாக்குமூலத்தை 183-ம் பிரிவின்கீழ் நடுவர் பதிவு செய்தே ஆக வேண்டும். உறவுச் சாட்சி சீக்கிரமே நடுவர் முன் போனால் பின்னால் பெயர் கூட்டவும் முடியாது, குறைக்கவும் முடியாது. இரு தரப்புக்கும் இது காவல். தாமதமாகக் கூட்டிப்போனால் இதுவும் சடங்குதான்.

குறுக்கு விசாரணையில் எங்கே சறுக்குகிறது

பாரபட்சத்தை நிரூபிக்கச் சட்டம் ஒரு தனி வாசல் திறந்து வைத்திருக்கிறது. சாட்சியின் நம்பகத்தன்மையைக் குலைக்கக் கேட்ட கேள்விக்கு அவர் ‘இல்லை’ என்றால், பொதுவாக அதோடு சரி, அதை மறுக்கத் தனிச் சாட்சியம் கொண்டுவர முடியாது. ஆனால் அதினியத்தின் 156-ம் பிரிவில் (பழைய 153) பாரபட்சத்துக்கு விதிவிலக்கு உண்டு. எதிரியின் குடும்பத்தோடு உங்கள் குடும்பத்துக்குத் தீராப் பகை உண்டா என்று கேட்டு, சாட்சி மறுத்தால், பகை இருந்ததைக் காட்ட ஆவணமோ ஆளோ கொண்டுவரலாம். சட்டத்தில் கொடுத்திருக்கும் உதாரணமே இதுதான். ஆகவே ‘முன்விரோதம் இருக்கிறதா’ என்று மொட்டையாகக் கேட்டு, ‘இல்லை’ என்ற பதிலை வாங்கி, அங்கேயே விட்டுவிடுவது பாதி வேலை. கேட்பதற்கு முன்பே அந்த சிவில் வழக்கின் சான்றிட்ட நகல் கையில் இருக்க வேண்டும்.

விட்டுப்போன விவரங்களை முரண்பாடாக்குவதற்கு முறை இருக்கிறது. போலீஸ் வாக்குமூலத்தில் முக்கியமான ஒன்றைச் சொல்லாமல் விட்டதும் முரண்பாடாகலாம் என்று நாகரிக் சுரக்ஷா சம்ஹிதாவின் 181-ம் பிரிவின் விளக்கம் சொல்கிறது. முதலில் சாட்சியிடம், ‘ஐந்தாம் எதிரி கட்டையால் அடித்ததாக இன்று சொல்கிறீர்கள், இதைப் போலீசில் சொல்லவில்லை’ என்று குறிப்பாகக் கேட்க வேண்டும். சொன்னேன் என்பார். வாக்குமூலத்தின் அந்தப் பகுதியை அவர் கவனத்துக்குக் கொண்டுவர வேண்டும் என்பது சாக்ஷ்ய அதினியத்தின் 148-ம் பிரிவு. அத்தோடு விடாமல், புலன் விசாரணை அதிகாரி கூண்டேறும்போது அவரிடம் ‘இந்தச் சாட்சி என்னிடம் அப்படிச் சொல்லவில்லை’ என்ற பதிலை வாங்க வேண்டும். இந்தக் கடைசிப் படியை மறந்த வழக்குகளில் மொத்த உழைப்பும் வீண். அதிகாரியிடம் கேட்காத முரண்பாடு நிரூபிக்கப்படாத முரண்பாடு. எல்லா விடுபடலும் இதற்குத் தகுதி பெறாது. சட்டை நிறம், எந்தக் கையில் அரிவாள் என்பவை சின்ன விவரங்கள். ஒரு எதிரியின் பெயரே விட்டுப்போனது, ஆயுதமே மாறியது இவைதான் கனமானவை.

எதிரி தரப்பு யோசனையாகப் போடும் கேள்விகளும், அதாவது ‘இப்படித்தான் நடந்தது’ என்று சாட்சியிடம் சொல்லிக் கேட்பவையும், திருப்பித் தாக்கும். சாட்சியம் ஆவது பதில்தான், கேள்வி அல்ல என்ற தைரியத்தில் பலர் இஷ்டத்துக்கு யோசனை வைக்கிறார்கள். ‘நீங்களும் உங்கள் தம்பியும்தான் முதலில் எதிரியைத் தாக்கினீர்கள்’ என்று அண்ணனிடம் சொன்ன மறு நொடி, அண்ணன் அந்த இடத்தில் இருந்ததை ஒப்புக்கொண்டாகிவிட்டது. அதற்குப் பிறகு ‘அவர் அங்கே இருக்கவே இல்லை’ என்று வாதிட வாய் இருக்காது. பாலு சுதாம் கல்டே எதிர் மகாராஷ்டிர மாநிலம் (2023) தீர்ப்பு இப்படிப்பட்ட யோசனைகள் எதிரிக்கு எதிராகப் போகலாம் என்று சொல்லிவிட்டது. இரண்டில் ஒன்றைத் தேர்ந்தெடுக்க வேண்டும்: சாட்சி அங்கே இல்லை, அல்லது இருந்தார், ஆனால் மிகைப்படுத்துகிறார். உறவுச் சாட்சிகள் உள்ள வழக்கில் பெரும்பாலும் இரண்டாவதே ஓடும் குதிரை.

‘இருட்டில் எப்படி அடையாளம் தெரிந்தது’ என்ற கேள்வி உறவுச் சாட்சியிடம் அவ்வளவாக எடுபடாது. எந்த நெருக்கம் அவரைப் பாரபட்சமானவராக்குகிறதோ அதே நெருக்கம்தான் எதிரியின் நடையையும் குரலையும் அவருக்குப் பழக்கியிருக்கிறது. பங்காளியைத் தெருவிளக்கு மங்கலிலும் தெரியும். பார்வை மகஜரிலும் வரைபடத்திலும் விளக்குக் கம்பம் எங்கே, எத்தனை அடி தூரம், அன்றைக்கு மின்தடை இருந்ததா என்று பார்ப்பதில் தப்பில்லை. கேட்க வேண்டிய கேள்வி மட்டும் வேறு. ஆள் யார் என்பதில் இருட்டு உதவாது, யார் கையில் என்ன இருந்தது என்பதில் உதவும்.

இன்னொரு விஷயம் பொய்யே அல்ல. ஆஸ்பத்திரி வராந்தாவில் ராத்திரி முழுக்க உட்கார்ந்து பேசும் குடும்பத்தில், ஒருவர் பார்த்தது எல்லோரும் பார்த்ததாகிவிடும். மூன்று பேரும் மனசாரச் சொல்வார்கள். மிரட்டிக் குறுக்கு விசாரணை செய்தால் இன்னும் உறுதியாவார்கள். ஒவ்வொருவரும் எங்கே நின்றார், அங்கிருந்து எது தெரியும், எது மறையும் என்று வரைபடத்தை வைத்துத் தனித்தனியாகக் கேட்டால்தான் கண்ணால் கண்டதும் காதால் கேட்டதும் பிரியும்.

உறவு இல்லாத பாரபட்சங்கள்

காயம்பட்ட சாட்சிக்கு நீதிமன்றம் தனி மரியாதை தருகிறது. அப்துல் சயீத் எதிர் மத்தியப் பிரதேசம் (2010) சொல்வது இது: அவர் உடம்புக் காயமே அவர் அங்கிருந்ததற்கு அத்தாட்சி, தன்னை வெட்டியவனை விட்டுவிட்டு வேறொருவனைச் சொல்ல மாட்டார். அங்கிருந்தார் என்பதற்குத்தான் காயம் அத்தாட்சி. ஏழாவது எதிரியும் அங்கிருந்தார் என்பதற்கு அல்ல.

லஞ்ச வழக்கில் புகார்தாரரே ஒரு வகையில் வேண்டப்பட்ட சாட்சி. ஊழல் தடுப்பு மற்றும் கண்காணிப்பு இயக்ககம் நோட்டுகளில் பினாப்தலின் பவுடர் தடவிக் கொடுக்கிறது. பிடிபட்டவர் விரலைச் சோடியம் கார்பனேட் கரைசலில் முக்கினால் அது இளஞ்சிவப்பாகிறது. அந்த நிறம் நோட்டைத் தொட்டார் என்பதற்கு மேல் எதையும் சொல்லாது. கேட்டு வாங்கினார் என்பதைச் சொல்ல வேண்டியது சாட்சி. அதற்காகத்தான் புகார்தாரரோடு ஒரு அரசு ஊழியரைக் கூட அனுப்புகிறார்கள். அந்த நிழல் சாட்சி கதவுக்கு வெளியே நின்றுவிட்டால் பேச்சைக் கேட்டவர் புகார்தாரர் மட்டுமே. நீரஜ் தத்தா (2022) அரசியல் சாசன அமர்வுத் தீர்ப்புக்குப் பிறகு புகார்தாரர் இறந்தாலும் பிறழ்ந்தாலும் சூழ்நிலைச் சான்றுகளால் கேட்டதை நிரூபிக்கலாம். ஆனால் நிரூபித்தே ஆக வேண்டும்.

அப்ரூவரின் பாரபட்சம் எல்லாவற்றிலும் கொடியது, தன் தலையைக் காப்பாற்றிக்கொள்ள வந்தவர். பழைய சாட்சியச் சட்டத்தின் 133-ம் பிரிவு, ஆதாரமில்லாத கூட்டாளியின் சாட்சியத்தில் தண்டித்தாலும் அது சட்டவிரோதம் அல்ல என்றது. புதிய அதினியத்தின் 138-ம் பிரிவு ‘ஆதாரத்தால் வலுப்பெற்ற’ சாட்சியம் என்று மாற்றிவிட்டது. நீதிமன்றங்கள் விவேகமாக வைத்திருந்தது இப்போது எழுத்திலேயே வந்துவிட்டது.

கைப்பற்றுதல் மகஜரில் கையெழுத்துப் போடும் வி.ஏ.ஓ.வும் தலையாரியும் சுயேச்சைச் சாட்சிகளா என்பது நெடுநாள் சந்தேகம். ஒரே ஸ்டேஷனின் எல்லா வழக்கிலும் அதே இரண்டு கையெழுத்து இருந்தால் அவர்கள் ஸ்டாக் சாட்சிகள். போலீஸ்காரர் சாட்சியும் போலீஸ் என்பதற்காகத் தள்ளப்படாது. புகார் கொடுத்த அதிகாரியே புலன் விசாரணை செய்தால் வழக்கு தானாக விழும் என்ற நிலையையும் முகேஷ் சிங் (2020) வழக்கில் ஐந்து நீதிபதிகள் மாற்றிவிட்டார்கள். பாரபட்சம் ஏற்பட்டதா என்று வழக்குக்கு வழக்கு பார்க்க வேண்டும். இப்போது நாகரிக் சுரக்ஷா சம்ஹிதாவின் 105-ம் பிரிவு சோதனையையும் கைப்பற்றுதலையும் வீடியோ எடுக்கச் சொல்கிறது. அந்த வீடியோ கட்டில் இல்லையென்றால் ஏன் என்று கேட்பதே முதல் கேள்வி.

எல்லோரும் தேடும் ‘சுயேச்சைச் சாட்சி’யும் கலப்படமில்லாதவர் அல்ல. கடைக்காரர் அதே தெருவில் பிழைக்க வேண்டும். அதனால் வரமாட்டார், வந்தால் பிறழ்வார். அப்பாபாய் எதிர் குஜராத் (1988) தீர்ப்பு இதை அன்றே ஒப்புக்கொண்டது. முதல் விசாரணை முடிந்து குறுக்கு விசாரணைக்குப் பல மாதம் வாய்தா கொடுத்தால் என்ன ஆகும் என்பதற்கு வினோத் குமார் எதிர் பஞ்சாப் (2015) உதாரணம், அதில் நீதிமன்றம் காட்டிய கோபம் நியாயமானது. பிறழ் சாட்சியின் பாரபட்சம் பயத்திலிருந்தோ பணத்திலிருந்தோ வருவது. அவர் முதலில் சொன்னதில் நம்பத்தக்க பகுதியை எடுத்துக்கொள்ளத் தடையில்லை.

கடைசியாக ஒன்று, அதிகம் பேசப்படாதது. எதிரியின் மனைவியோ தம்பியோ ‘அன்றைக்கு அவர் வெளியூரில் இருந்தார்’ என்று எதிரி தரப்பு சாட்சியாக வந்தால், ‘நெருங்கிய உறவு, நம்ப இயலாது’ என்று ஒரே வரியில் தள்ளும் தீர்ப்புகள் இன்னும் வருகின்றன. இறந்தவரின் மனைவிக்குப் பொருந்தாத தர்க்கம் எதிரியின் மனைவிக்கு மட்டும் எப்படிப் பொருந்தும்? எதிரி தரப்பு சாட்சிகளும் அரசு தரப்பு சாட்சிகளுக்குச் சமமாக நடத்தப்பட வேண்டும் என்று தூத் நாத் பாண்டே (1981) வழக்கில் உச்ச நீதிமன்றம் சொல்லியிருக்கிறது. வேறிடத்தில் இருந்ததை நிரூபிக்கும் பொறுப்பு எதிரியுடையது என்பதால் மனைவி வாயால் மட்டும் அது நிற்காது. டோல்கேட் ரசீது, லாட்ஜ் பதிவேடு, மொபைல் டவர் விவரம், ஏ.டி.எம். எடுத்த நேரம் எல்லாம் வேண்டும். டவர் விவரத்தைச் சேவை நிறுவனம் எத்தனையோ வருஷம் வைத்திருக்கும் என்று நினைத்துக்கொண்டு விசாரணை தொடங்கும்வரை காத்திருக்கக் கூடாது. ஜாமீன் மனு போடும்போதே அதைப் பாதுகாக்கவும் மனுப் போட்டுவிட வேண்டும்.